தேங்கிய குரல்

குரல்கூடம், மேல்மாடி
பனி மாதம், 6

அன்புள்ள உங்களுக்கு,

நல்லபடியா வந்து சேர்ந்துட்டேன். வண்டியில பக்கத்துல உட்கார்ந்திருந்த கோழிக்காரர் வழி நெடுகத் தூங்கினார், அவரோட கோழிங்கதான் தூங்கல. மத்தபடி ஒரு குறையும் இல்ல. நீங்க தைச்சுக் கொடுத்த கம்பளிச் சட்டையைப் பார்த்துட்டு, யார் தைச்சதுன்னு இங்க ரெண்டு பேர் கேட்டாங்க. என் வீட்டுக்காரர்னு சொன்னேன். கொஞ்சம் பெருமையாத்தான் சொன்னேன்.

நம்ம ஊர்ல கிண்ணம் கிடையாது, அதனால வேலையை விளக்கமாச் சொன்னாத்தான் உங்களுக்குப் புரியும். வெண்கலக் கிண்ணம்னு பேரு, ஆனா ஒரு ஆள் உள்ளே சுருண்டு படுக்கலாம், அவ்வளவு பெரிசு. நிறைய கறுப்புத் தண்ணி. இந்த மாதிரி பெரிய ஊருக்கு ஒண்ணு இருக்கு. எல்லாக் கிண்ணத்துலயும் ஊத்தியிருக்கிறது ஒரே கிணத்துத் தண்ணி. வேற ஊர்ல ஒருத்தர் கிண்ணத்துல குனிஞ்சு பேசினா இங்க இருக்கிற தண்ணிக்குத் தெரிஞ்சுடும். ஆனா தண்ணிக்கு வாய் இல்லையே. அதுக்குத்தான் எங்களை வெச்சிருக்காங்க. வலது கையை மணிக்கட்டு வரைக்கும் தண்ணியில விட்டுட்டு உட்காரணும். அங்க பேசுறவங்க பேச்சு என் வாய் வழியா வரும், அவங்க குரல்லயே. எதிர்ல முக்காலியில அவங்க சொந்தக்காரங்க உட்கார்ந்து கேட்பாங்க.

எங்க வேலைக்குப் பேரே 'வாய்'. "நாலாம் வாய் வந்தாச்சா?"ன்னு கூடத்துக்குத் தலைவரா இருக்கிற மூத்தவர் கேட்டா அது நான்தான். வாயாடி வாயாடின்னு வீட்டுல கேலி பண்ணுவீங்களே, இப்போ அதுக்குச் சம்பளம் தர்றாங்க.

முதல் தடவை ஒரு ஆம்பளைக் குரல் வந்துச்சு. மீசை முளைச்ச மாதிரி இருந்தது. மாடு கன்னு போட்டதைத் தம்பிகிட்டச் சொல்லிட்டு, காரணமே இல்லாம அழுதார். அவர் அழுகை என் நெஞ்சுல வந்து முட்டுச்சு. முடிஞ்சதும் உப்புத்தண்ணியில வாய் கொப்பளிச்சு, நம்ம பேரை நாமே ஒரு தடவை சத்தமாச் சொல்லணும். அப்பத்தான் அடுத்த ஆளைக் கூப்பிடுவாங்க. எங்க வீட்டாளுங்ககூடப் பேச நாங்க கிண்ணத்தைத் தொடக்கூடாது, அது சட்டம். அதனால கடிதம்தான்.

நான் போறேன்னதும் ஒரு வார்த்தை தடுக்காம டிரங்குப் பெட்டியைத் துடைச்சுக் கொடுத்தீங்க. அதையே நெனைச்சுக்கிட்டு இருக்கேன். நம்ம பொண்ணு வாலு சாப்பிடுறாளா? காலையில அவளை எழுப்பும்போது போர்வையை இழுக்காதீங்க, காலைத் தடவிக் கொடுத்தா எழுந்துடுவா.

உங்க வீட்டுக்காரி


தையல்கடை
பனி மாதம், 19

என் வீட்டுக்காரிக்கு,

கடிதம் வந்தது. வாலுவுக்கு மூணு தடவை படிச்சுக் காட்டினேன், நாலாவது தடவை அவளே எனக்குப் படிச்சுக் காட்டினா. காலைத் தடவினா எழுந்திருக்கிற பிள்ளை உன்கிட்டத்தான். என்கிட்ட, எட்டி உதைச்சுட்டுத் திரும்பிப் படுக்குது.

கடை நல்லா ஓடுது. வாத்தியார் தன் கோட்டை எடுத்துட்டு வந்து இடுப்புல கொஞ்சம் விட்டுத் தரச் சொன்னார். துணியில விடுறதுக்கு இனிமே இடமே இல்ல, விட்டுக்கொடுக்கிறதா இருந்தா நீங்கதான் விட்டுக்கொடுக்கணும்னு சொன்னேன். முறைச்சுட்டுப் போயிருக்கார். திரும்பி வருவார், இந்த ஊர்ல வேற யார் இருக்கா?

உன் வேலையைப் படிச்சதும் எனக்கு என்னமோ பண்ணுச்சு, மறைக்கல. யாரோ அழுறது உன் நெஞ்சுல முட்டுதுன்னு எழுதியிருக்கே. அடுத்தவன் சட்டையைப் போட்டுக்கிட்டாலே அவன் வாடை நம்ம மேல ஒட்டிக்கும், எனக்குத் தெரிஞ்ச தொழில் அது. ஆனா நீ சந்தோஷமா இருக்கேன்னு எழுத்துலயே தெரியுது. இருந்துட்டு வா. பேரை மட்டும் மறக்காமச் சத்தமாச் சொல்லு.

ரெண்டு பக்கம் எழுதியிருக்கே, அதுல என் முதுகுவலியைப் பத்தி ஒரு வரி இல்ல. பார்த்தேன், பொறுத்துக்கிட்டேன்.

உன் தையல்காரன்


குரல்கூடம்
காற்று மாதம், 11

அன்புள்ள உங்களுக்கு,

முதுகு எப்படி இருக்கு? முதல் வரியிலயே கேட்டுட்டேன், பார்த்துக்குங்க.

இங்க ஒரு காரியம் நடந்துபோச்சு. யார்கிட்டயாவது சொல்லணும், இங்க சொல்ல ஆளில்ல.

மலைப்பக்கத்து ஊர் ஒண்ணுல இருந்து ஒரு சலவைக்கார அம்மா பேச வந்தாங்க. இங்க இருக்கிற அவங்க மகளுக்கு ஆள் அனுப்பிக் கூட்டிட்டு வந்து என் எதிர்ல உட்கார வெச்சாங்க. மக விளக்குக்கடையில வேலை பார்க்கிறா. என் வயசுதான் இருக்கும். பல வருஷத்துக்கு முன்னாடி ஒருத்தர்கிட்டயும் சொல்லாம வீட்டை விட்டு வந்தவளாம். கையைக் கட்டிக்கிட்டு, முகத்தைத் திருப்பிக்கிட்டு உட்கார்ந்திருந்தா.

அந்த அம்மாவுக்கு வயசான குரல், கரகரன்னு. தொண்டையைச் செருமிக்கிட்டு நேரா விஷயத்துக்கு வந்துட்டாங்க. "நீ சொல்லாம போனதுக்கு, நான் உன்னை ஒரு நாளும்"னு ஆரம்பிச்சாங்க. அதோட நின்னுபோச்சு.

நானும் வாயைத் திறந்து வெச்சுக்கிட்டுக் காத்திருந்தேன். எதிர்ல அவளும் முதல் தடவையா என் முகத்தைப் பார்த்தா. தண்ணி அசையல. அப்புறம் பக்கத்துல இருந்த ஆறாம் வாய் வழியா அந்த ஊர்க் கூடத்துக் காவலாளி பேசினார். அம்மா கிண்ணத்து விளிம்புலயே சாஞ்சுட்டாங்க, மூச்சு இல்லன்னார். மக எழுந்து வெளியே போயிட்டா.

நான் கையை எடுத்தேன். உப்புத்தண்ணியில கொப்பளிச்சேன். பேரைச் சொன்னேன். ஆனா வாயில ஏதோ மிச்சம் இருக்கு. சாப்பிடும்போது பல்லுல நார் மாட்டிக்கிட்டா நாக்கு அதையே தேடிப் போகும் பாருங்க, அந்த மாதிரி. அந்த வார்த்தை என்னவா இருக்கும்? "ஒரு நாளும் மன்னிக்க மாட்டேன்"னா, "ஒரு நாளும் தப்பா நெனைச்சதில்ல"ன்னா? கடைசி வார்த்தை வர்ற வரைக்கும் நம்ம பேச்சுல எதுவுமே தெரியறதில்ல. இத்தனை வருஷம் பேசிட்டு இப்பத்தான் எனக்கு அது உறைக்குது.

மனசைப் போட்டுக் குழப்பிக்கல, கவலைப்படாதீங்க. துணி துவைக்கும்போது நீலம் அதிகமாப் போடாதீங்க தம்பி, வெள்ளை மங்கிடும்.

உங்க வீட்டுக்காரி


தையல்கடை
காற்று மாதம், 24

என் வீட்டுக்காரிக்கு,

அந்த அம்மாவுக்காக வருத்தப்பட்டேன். ஆனா இன்னொண்ணு கேட்கணும்.

நான் எப்போ உனக்குத் தம்பி ஆனேன்? கடைசி வரியைத் திரும்ப எடுத்துப் படிச்சுப் பார். நீலம் போடுறதைப் பத்தி எனக்கு யோசனை சொல்லியிருக்கே. நம்ம வீட்டுல நீலம் போட்டுத் துவைக்கிற வழக்கமே இல்ல, துணி சாயம் மாறிடும்னு நான் கத்துற கத்துக்கு நீயே பயப்படுவே. கை உன் கைதான். எழுத்தோட சுழியெல்லாம் உன்னுது. பேச்சு மட்டும் உன்னுது இல்ல.

மூத்தவர்கிட்டப் போய் நடந்ததைச் சொல்லு. இது அவங்களுக்குப் புதுசா இருக்காது. எனக்கு உடனே பதில் போடு, சின்னதா இருந்தாலும் பரவாயில்ல.

உன் தையல்காரன்


குரல்கூடம்
மழை மாதம், 5

அன்புள்ள உங்களுக்கு,

நீங்க சொன்னது சரி. நான் அதை எழுதின ஞாபகமே எனக்கு இல்ல.

மூத்தவர் என் தாடையைப் பிடிச்சு வெளிச்சத்துல திருப்பிப் பார்த்துட்டு, தேங்கிடுச்சுன்னார். பேச்சு பாதியில அறுந்தா எப்போவாவது இப்படி ஆகுமாம். மிச்சம் இருக்கிற வார்த்தை வெளியே போற வரைக்கும் குரல் உள்ளேயே தங்கிடும். யாருக்காகப் பேசினாங்களோ அவங்களைக் கூட்டிட்டு வந்து எதிர்ல உட்கார வெச்சா, முடிச்சுட்டுப் போயிடுமாம். ரொம்ப நாள் தேங்கிக் கிடந்தா மட்டும் கஷ்டம்னார். என்ன கஷ்டம்னு கேட்டேன், உள்ளே இடம் பத்தாதுன்னு சொல்லிட்டு நகர்ந்துட்டார்.

அந்த அம்மா நல்லவங்கதான், பயப்படாதீங்க. போன வாரம் கடையில சோப்பு வாங்க வாயைத் திறந்தேன். "இந்த வெலைக்கு நான் சோப்பே காய்ச்சிடுவேன்"னு அவங்க பேரம் பேசினாங்க. கடைக்காரர் குறைச்சுக் கொடுத்தார். இதை எழுதும்போது எனக்கே சிரிப்பா இருக்கு. அப்போ சிரிப்பு வரல.

விளக்குக்கடைப் பெண்ணுக்குச் சொல்லி அனுப்பினேன். வர மாட்டாள்னு நெனைச்சேன், சாயங்காலமே வந்துட்டா. தனி அறையில எதிர்எதிரா உட்கார்ந்தோம். நான் எதுவும் பண்ணல, அவளைப் பார்த்ததுமே குரல் தானா வந்துச்சு. முதல்ல அவ எப்படி இருக்கான்னு கேட்டாங்க. கை ஏன் இப்படிக் கறுத்துப்போச்சுன்னு கேட்டாங்க. அவ பதில் சொன்னா, விளக்குல திரி மாத்துற கரின்னு. ரொம்ப நேரம் பேசிக்கிட்டாங்க. நான் என் வாய்க்குப் பின்னாடி எங்கயோ உட்கார்ந்து கேட்டுக்கிட்டு இருந்தேன். கடைசியில அம்மா தொண்டையைச் செருமி, "நீ சொல்லாம போனதுக்கு, நான் உன்னை ஒரு நாளும்"னு ஆரம்பிச்சாங்க.

அவ சட்டுன்னு எழுந்து என் வாயைப் பொத்திட்டா. உள்ளங்கையில எண்ணெய் வாடை. "இன்னைக்குப் போதும்மா. நாளைக்கு வரேன்"னா.

மறுநாளும் அப்படித்தான், அதுக்கு அடுத்த நாளும். தினமும் வர்றா. பழைய கதையெல்லாம் பேசுறாங்க, சிரிக்கிறாங்க. அந்த இடம் வந்ததும் பொத்திடுறா. அந்த வார்த்தை எதுவா இருந்தாலும் அது வந்துட்டா அவ அம்மா போயிடுவாங்க. நல்ல வார்த்தையா இல்லாட்டி, துக்கம் அதுக்கு மேல. நான் எப்படிக் கையைத் தள்ளிவிடுறது, நீங்களே சொல்லுங்க.

கொஞ்சம் களைப்பா இருக்கு. மத்தபடி சௌக்கியம்.

உங்க வீட்டுக்காரி


தையல்கடை
மழை மாதம், 16

என் வீட்டுக்காரிக்கு,

எனக்குக் கோபம் வந்திருக்கு. அதை முதல்லயே சொல்லிடறேன்.

அந்தப் பொண்ணு தன் அம்மாவை இழந்தது துக்கம்தான், இல்லேன்னு சொல்லல. அதுக்காக என் பிள்ளையோட அம்மாவை எடுத்து அந்த இடத்துல வெச்சுக்க அவளுக்கு யார் உரிமை கொடுத்தது? உன் இரக்கத்தை எனக்குத் தெரியும். தெருவுல எவனாவது நொண்டினா உனக்குக் கால் வலிக்கும். இந்த ஒரு தடவை அவ கையைத் தள்ளு.

நேத்தே கிளம்பியிருப்பேன். ஆத்துல வெள்ளம், பாலத்துல பாதியைக் காணோம். தபால் பையை மட்டும் கயிறு கட்டிக் கூடையில இழுக்கிறாங்க. கூடையில நான் உட்காரட்டுமான்னு கேட்டேன். படகுக்காரர் என் வயித்தைப் பார்த்துட்டுக் கயித்தைப் பார்த்தார். தண்ணி வடிஞ்ச அன்னைக்கே வர்றேன்.

வாலு உனக்கு ஒரு பாவாடை தைச்சிருக்கா, அவளே வெட்டி அவளே தைச்சது. ரெண்டு கால் போற இடத்துல நாலு வழி இருக்கு. அதை நீ உடுத்திப் பார்க்கணுமாம்.

உன் தையல்காரன்


மழை மாதம், 23

தம்பிக்கு,

யார்னு உங்களுக்குத் தெரியும். பயப்படாதீங்க. உங்க சம்சாரம் நல்லா இருக்கா, தூங்குறா. மதியச் சாப்பாடு முடிஞ்சா அவளுக்குக் கண் சொக்கிடுது, அப்போ கை எனக்குக் கிடைக்குது. உயிரோட இருந்தப்போ எனக்கு எழுத்து தெரியாது தம்பி. அவளுக்குத் தெரியும், அதனால எனக்கும் வருது. இவ்வளவு சுலபமான்னு இருக்கு.

உங்க கடிதம் வந்தப்போ அவ படிச்சா, அவ கண் வழியா நானும் படிச்சேன். நீங்க கோபப்பட்டது நியாயம். என் மகளை ஒண்ணும் சொல்லாதீங்க. அவ பொத்துறதுக்கு முன்னாடியே நான்தான் நிறுத்திடுறேன், அது அவளுக்குத் தெரியாது.

உங்களுக்கு மட்டும் சொல்றேன். அன்னைக்குக் கிண்ணத்துல குனிஞ்சப்போ எந்த வார்த்தையில முடிக்கணும்னு எனக்கு நல்லாத் தெரியும். வழியெல்லாம் மனசுக்குள்ள சொல்லிப் பார்த்துக்கிட்டே போனேன். நல்ல வார்த்தை இல்ல. சொல்லி முடிச்சுட்டுத் தலைமுழுகிட்டு வரணும்னுதான் போனேன். பாதியில உயிர் போயிடுச்சு. தண்ணியில இறங்கின பேச்சை மாத்த முடியாது தம்பி. விடலாம், இல்லேன்னா பிடிச்சு வெச்சுக்கலாம், அவ்வளவுதான். என் மக முகத்தைப் பார்த்த பிறகு எனக்கு விட மனசு வரல. பிடிச்சு வெச்சிருக்கேன். நீங்க நூலைப் பல்லுல கடிச்சுக்கிட்டு இருப்பீங்களே, அந்த மாதிரி.

இப்படியே இருந்துடலாம்னுதான் இருந்தேன், பொய் சொல்லல. இங்க வெயில் தெரியுது. சோத்துல உப்பு தெரியுது. தினம் சாயங்காலம் மக வர்றா. ஆனா நேத்து உங்க சம்சாரம் தலை வாரிக்கிட்டு இருந்தப்போ, தன் மகளோட பேர் என்னன்னு யோசிச்சா. வாலுன்னு வந்துச்சு, அது கூப்பிடுற பேர். நிஜப் பேர் வரல. சீப்பைக் கையில வெச்சுக்கிட்டு ரொம்ப நேரம் நின்னா. நானும் அவகூடச் சேர்ந்து தேடினேன். மறதி அவளோடதுதான், காரணம் நான்.

இவளுக்குள்ள ரெண்டு பேருக்கு இடமில்ல. அந்த வார்த்தையை விட்டாத்தான் நான் போக முடியும். விட்டா அது என் மக காதுல விழும். நீங்க ஒரு அப்பா. என்ன பண்ணட்டும்?

பொம்மி அம்மா
(என் மகளைச் சின்ன வயசுல பொம்மின்னு கூப்பிடுவேன். இப்போ கூப்பிட்டா அழுறா.)


தையல்கடை
மழை மாதம், கடைசி நாள்

பொம்மி அம்மாவுக்கு வணக்கம்.

உங்க கடிதத்தை நின்னுக்கிட்டே பிரிச்சேன், உட்கார்ந்து படிச்சேன். வெட்டிக்கிட்டு இருந்த துணியில ஒரு கை அதிகமா வெட்டிட்டேன். உங்களைத் திட்டணும்னுதான் தாளை எடுத்தேன். முடியல. கேட்காமலே என் வீட்டுக்காரிக்காகக் கவலைப்பட்டிருக்கீங்க.

அம்மா, உங்க மக எதிர்ல இருக்கும்போதுதான் அதை விடணும்னு யாராவது சொன்னாங்களா? மூத்தவர் சொன்னது, யாருக்காகவோ அவங்க வந்தா வார்த்தை தானா வரும்னுதான். நீங்கதான் பிடிச்சு வெச்சிருக்கீங்க, அப்போ எப்போ விடுறதுன்னும் நீங்கதான் முடிவு பண்ணணும். அவ இல்லாத நேரமாப் பார்த்து, யாரும் இல்லாத இடமாப் பார்த்து விட்டுடுங்க. காத்துல போகட்டும்.

என் வீட்டுக்காரி காதுல விழும். விழட்டும். இத்தனை வருஷம் என் பேச்சைக் கேட்டு வாழ்ந்தவ, அவ தாங்குவா. அந்த வார்த்தை என்னன்னு எனக்கு எழுத வேண்டாம்.

உங்க மகளைப் பார்க்காமப் போகணுமேன்னு இருக்கும். ஆனாலும் கேட்கிறேன்மா. என் மக பேர் அவ அம்மாவுக்கு ஞாபகம் வரணும், அது ஒண்ணுதான் இப்போ எனக்குத் தெரியுது. சுயநலம்தான். மன்னிச்சுக்குங்க.

உங்களை ஒரு தடவை நேர்ல பார்த்திருக்கலாம். சட்டைக்குக் கஞ்சி போடுறதைப் பத்தி நாம நிறையப் பேசியிருப்போம்.

தையல்காரன்


குரல்கூடம்
வெயில் மாதம், 9

அன்புள்ள உங்களுக்கு,

தலையணைக்கு அடியில உங்க கடிதம் இருந்துச்சு. என் கையெழுத்துல நான் எழுதாத ஒரு கடிதத்துக்கு நீங்க போட்ட பதில். படிச்சுட்டு அதை எடுத்துக்கிட்டு மொட்டைமாடிக்குப் போனேன். காலை வெயில், கொடியில கூடத்துத் துணியெல்லாம் காய்ஞ்சுக்கிட்டு இருந்தது, ஆள் யாரும் இல்ல. அவங்களுக்குக் கேட்கட்டும்னு சத்தமாப் படிச்சேன், முதல் வரியில இருந்து கடைசி வரைக்கும்.

காய்ஞ்ச போர்வை ஒண்ணை என் கை தானா எடுத்து உதறி, நாலா மடிச்சு வெச்சது. ரொம்ப நேர்த்தியா. நான் அப்படி மடிக்கிறவ இல்ல. அப்புறம் தொண்டையைச் செருமினாங்க.

முழுசாச் சொன்னாங்க. நீ சொல்லாம போனதுக்கு, நான் உன்னை ஒரு நாளும் மன்னிக்க மாட்டேன். வேண்டாம்னு நீங்க சொன்னீங்க, ஆனா உங்ககிட்டச் சொல்லாம இதை நான் எங்க வைக்கிறது? கோபமாச் சொல்லல. கனமான மூட்டையை இறக்கி வைக்கிறவங்க மூச்சு விடுவாங்களே, அப்படிச் சொன்னாங்க. அதுக்கப்புறம் என் வாயில ஒண்ணும் இல்ல. நம்ம மக பேர் வந்துச்சு. கொடிக்கு நடுவுல நின்னு அதையே சொல்லிக்கிட்டு இருந்தேன்.

சாயங்காலம் விளக்குக்கடைப் பெண் வந்தா. வழக்கம்போல எதிர்ல உட்கார்ந்தா, அம்மான்னா. என்ன சொல்றதுன்னு பகல் முழுக்க யோசிச்சு வெச்சிருந்தேன். செத்தவங்க குரல்ல வாய் சொந்தப் பேச்சுப் பேசினா, அது கூடத்துலயே பெரிய குத்தம். தெரிஞ்சுதான் செஞ்சேன். குரலைக் கரகரப்பாக்கிக்கிட்டு, "நீ சொல்லாம போனதுக்கு, நான் உன்னை ஒரு நாளும்"னு ஆரம்பிச்சேன். கையை நீட்டினா. நான் அந்த மணிக்கட்டைப் பிடிச்சுக்கிட்டேன். "தப்பா நெனைச்சதில்ல பொம்மி"ன்னு முடிச்சேன்.

அவ கையை உருவிக்கல. ரொம்ப நேரம் என் முகத்தையே பார்த்தா.

"எங்கம்மா இப்படிச் சொல்ற ஆள் இல்ல"ன்னா.

நான் தலையைக் குனிஞ்சுக்கிட்டேன்.

"இருந்தாலும் இன்னொரு தடவை சொல்லுங்க"ன்னா.

சொன்னேன். இந்தத் தடவை அவங்க அம்மா மாதிரிப் பேசல, என் குரல்லதான் சொன்னேன். கேட்டுட்டு முந்தானையால முகத்தைத் துடைச்சுக்கிட்டுப் போயிட்டா. அதுக்கப்புறம் வரல. நேத்து அவ கடை வழியாப் போனேன், ஏணியில ஏறி விளக்குக்குத் திரி போட்டுக்கிட்டு இருந்தா. என்னைப் பார்த்தா, தெரிஞ்ச மாதிரிக் காட்டிக்கல. அது சரிதான்.

செஞ்சதை மூத்தவர்கிட்ட நானே சொல்லிட்டேன். வேலை போச்சு. வெள்ளம் வடிஞ்சுடுச்சாம், நீங்க கிளம்ப வேண்டாம், நானே அடுத்த வாரம் வண்டி ஏறுறேன்.

ஒண்ணு மட்டும் உங்ககிட்டக் கேட்டுக்கணும். என் குரல்லதான் சொன்னேன்னு மேல எழுதியிருக்கேன் பாருங்க, அப்படித்தான் நெனைச்சு எழுதினேன். ஆனா என் குரல் முன்னாடி எப்படி இருந்துச்சுன்னு எனக்கு மறந்துபோச்சு. அறையில தனியாப் பேசிப் பேசிப் பார்க்கிறேன், கேட்கிறது நல்ல குரலாத்தான் இருக்கு. யாரோடதுன்னுதான் தெரியல. நீங்க இத்தனை வருஷம் கேட்டவர். வந்து வாசல்ல நின்னு உங்களைக் கூப்பிடுவேன். உடனே கதவைத் திறந்துடாதீங்க. நல்லாக் கேளுங்க. நான்தான்னா மட்டும் திறங்க.

உங்க வீட்டுக்காரி